வழிமொழிந்த மேயர்

பசுபதி தன் அரசியல் வாழ்வில் எதையும் முன்மொழிந்தவர் அல்லர். வழிமொழிந்தவர். வழிமொழிந்தே டவுன்ஷிப் கமிட்டிக்குள் காலூன்றினார், வழிமொழிந்தே மேயரானார். நியூஜெர்சியில் இஸ்ரேலியக் குடியேற்றங்களுக்காகக் குரல் கொடுக்கும் ஒரே கோபிசெட்டிபாளையத்துக்காரர் என்ற, போட்டியே இல்லாத இடத்தையும் அப்படித்தான் பிடித்தார்.

இது புரிய வேண்டுமானால் தமிழ்ச் சங்கப் பொதுக்குழுவில் ஒருமுறையாவது உட்கார்ந்திருக்க வேண்டும். ஒருவர் எழுந்து எதையாவது முன்மொழிவார். பொங்கல் விழாவைப் பிப்ரவரிக்குத் தள்ளலாம், சாம்பார் சாதத்துக்குப் பதில் பிசிபேளாபாத் போடலாம், இப்படி ஏதாவது. உடனே கூடத்தில் ஓர் அமைதி விழும். அந்த அமைதி மூன்று நொடியைத் தாண்டினால் முன்மொழிந்தவருக்கு அவமானம். ஐந்தைத் தாண்டினால் அவர் மனைவிக்கும் அவமானம். ஆகவே நல்ல குடும்பத்தில் பிறந்த யாராவது கையைத் தூக்கி "வழிமொழிகிறேன்" என்று சொல்லிவிடுவார். அதற்கு ஆதரவு என்று பொருளில்லை. வீட்டுக்கு வந்தவரை உட்காரச் சொல்வதுபோல ஒரு மரியாதை, அவ்வளவுதான். அடுத்த நிமிடம் அவரே எதிர்த்து ஓட்டுப் போட்டாலும் யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். இருபது வருடம் அந்த முதல் கை பசுபதியுடையதாக இருந்தது.

வேலை, மருந்துக் கம்பெனியில் வேலிடேஷன். மாத்திரை செய்யும் இயந்திரம் சொன்னபடிதான் செய்கிறது என்பதைக் காகிதத்தில் நிரூபிக்கிற வேலை. அலுவலகத்தில் ஒரு கையெழுத்துக்கு முன் நாற்பது பக்கம் படிப்பார். அலுவலகத்துக்கு வெளியே ஒரு பக்கமும் படிக்காமல் கை தூக்குவார். அந்த இரண்டு பசுபதிகளும் ஒரே காரில்தான் வீடு திரும்பினார்கள்.

பிளெய்ன்ஸ்பரோவை அடுத்த ஃபாக்ஸ்ரிட்ஜ் டவுன்ஷிப்பில், பள்ளிக்கூட முனையில் ஒரு ஸ்டாப் போர்டு வைக்கச் சொல்லி இரண்டு வருடம் மனுக் கொடுத்துக்கொண்டிருந்தவரை 2017இல் கட்சிக்காரர்கள் கண்டுபிடித்தார்கள். ஊரில் மூன்றில் ஒருவர் இந்தியர். கமிட்டியின் ஐந்து நாற்காலிகளில் ஓர் இந்தியரும் இல்லை. "நில்லுங்கள்" என்று கேட்டார்கள். மாட்டேன் என்று சொல்வது மரியாதையில்லை என்பதால் நின்றார். ஜெயித்தார். ஸ்டாப் போர்டும் வந்தது. அதோடு விட்டிருக்கலாம்.

அவர் மனைவி சாரதா அதைத்தான் சொன்னார். பிளெய்ன்ஸ்பரோவில் ஒரு டேகேரில் பத்தொன்பது வருடமாக அடுத்தவர் பிள்ளைகளுக்கு ஆப்பிள் நறுக்கிக் கொடுத்துவந்தவர். அவருக்கு அரசியலில் விருப்பமும் இல்லை, வெறுப்பும் இல்லை. இருந்தது ஒரே ஒரு ஆசை. கோபியிலிருந்து குன்னத்தூர் போகிற வழியில், கரட்டடியில் அவருடைய அப்பா அவர் பெயரில் வாங்கி வைத்த பத்து சென்ட் மனை. அறுபது வயதுக்குள் அங்கே ஒரு சின்ன வீடு கட்டிக்கொண்டு போய்விட வேண்டும். கிழக்கே ஜன்னல் வைத்தால் காலையில் கரடு, அந்தக் கல்குன்று, முழுக்கத் தெரியும். பசுபதி வந்தாலும் சரி, வராவிட்டாலும் சரி.

அந்த மனையில் செல்வராஜ் இருந்தார்.

2009இல் பக்கத்தில் கல்யாண மண்டபம் கட்டியபோது, "ரெண்டே மாசம் செங்கல் அடுக்கிக்கறனுங்க" என்று சாரதாவின் அப்பாவிடம் கேட்டுக்கொண்டு வந்த மேஸ்திரி அவர். அப்பா தலையாட்டினார். இரண்டு வருடத்தில் அப்பா போய்ச் சேர்ந்தார், செங்கல் போகவில்லை. செங்கலுக்குக் காவலாக ஒரு கொட்டகை வந்தது. கொட்டகைக்குக் கரண்ட் வந்தது. பிறகு போர்வெல், தளம் போட்ட இரண்டு அறை, முருங்கை, தென்னை, இரண்டு குழந்தைகள். 2020 ஜனவரியில் விடுமுறைக்குப் போன பசுபதியும் சாரதாவும் மனையைப் பார்க்கப் போனபோது வாசலில் பொங்கல் கோலம். உள்ளேயிருந்து வந்த செல்வராஜின் மனைவி ஈரக் கையைத் துடைத்துக்கொண்டே அன்பாகக் கேட்டார்: "யாருங்க வேணும்?"

"தண்ணி வேணுங்க" என்றார் சாரதா. கொடுத்தார்கள். குடித்துவிட்டு வந்தார்கள்.

அந்த மாதமே கோபி முன்சீஃப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்கள். வாதி சாரதா. முதல் சாட்சி பசுபதி. செல்வராஜ் தரப்பு பதிலாக ஓர் எதிருரை தாக்கல் செய்தது. அதன் ஏழாவது பாராவை எழுதியவர் வக்கீல் தொழிலுக்குத் தப்பி வந்த கவிஞராக இருக்க வேண்டும். "கல்லும் முள்ளுமாகக் கிடந்த கரட்டைத் தன் கையால் திருத்தி, தண்ணீர் இல்லாத இடத்தில் தண்ணீர் கண்டு, மரம் வைத்து, மக்களைப் பெற்று, விளக்கேற்றி வாழ்ந்துவருபவர் இந்தப் பிரதிவாதி. வாதியோ இம்மண்ணைக் காகிதத்தில் மட்டுமே அறிந்தவர்." பசுபதி அதைக் கோபத்தோடு படித்தார். மறுபடி படித்தார். தொழில் பழக்கம், ஓட்டை தேடிப் படித்துப் படித்து அந்தப் பாரா அவருக்கு மனப்பாடமே ஆகிவிட்டது.

இனி அந்த இன்னொரு கரட்டுக்கு வருவோம்.

கமிட்டியில் பசுபதிக்குப் பக்கத்து நாற்காலி டேவ். பல் டாக்டர். ஃபாக்ஸ்ரிட்ஜில் பாதிப் பேருடைய வாய்க்குள் எட்டிப் பார்த்தவர், ஆகவே யாரையும் கண்டு பயப்படாதவர். நல்ல மனிதர். பசுபதிக்கு நாற்காலியில் எப்போது சாய்ந்து உட்காரலாம், எப்போது நிமிர வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தவர். அவருடைய ஒரே தங்கை, மேற்குக் கரையில் ஒரு குன்றின்மேல் இருக்கும் குடியேற்றத்தில் நான்கு குழந்தைகளோடு வசித்தார். அந்தக் குடியேற்றங்களில் செய்த பொருள்களைப் புறக்கணிப்பதை ஃபாக்ஸ்ரிட்ஜ் டவுன்ஷிப் எதிர்க்கிறது என்று ஒரு தீர்மானத்தை 2019இல் டேவ் முன்மொழிந்தார். ஃபாக்ஸ்ரிட்ஜின் எதிர்ப்பு உலகத்தில் எதையும் அசைக்காது என்பது டேவுக்கும் தெரியும். தங்கைக்கு அனுப்பிவைக்க ஒரு காகிதம் வேண்டும் அவருக்கு.

முன்மொழிந்ததும் அமைதி விழுந்தது. மற்ற மூவரும் தங்கள் தாள்களை ஆராயத் தொடங்கினார்கள். மூன்று நொடி. ஐந்து நொடி. டேவின் காது சிவந்தது. ஏழாவது நொடியில், இருபது வருடப் பழக்கத்தில், பசுபதியின் கை தானாகவே மேலே போனது. "செகண்ட்," என்றார்.

அது தமிழ்ச் சங்கம் இல்லை. அங்கே வழிமொழிகிறவர் பெயர் நடவடிக்கைக் குறிப்பில் ஏறும், குறிப்பு இணையத்தில் ஏறும். வாக்கெடுப்பில் எதிர்க்கலாம் என்றால், தானே வழிமொழிந்ததைத் தானே எதிர்ப்பதைப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் டேவ் பார்ப்பாரே. ஆதரித்தார். மற்றவர்களில் ஒருவர் கூடச் சேர்ந்துகொள்ள, இருவர் ஓட்டுப் போடாமல் ஒதுங்க, தீர்மானம் நிறைவேறியது.

வீட்டில் சாரதா கேட்டார். "ஏனுங்க, இன்னைக்கு என்ன மீட்டிங்?"

"ஏதோ ஒயின் பாட்டில்ல ஒட்டற லேபிள் பத்தி. டேவ் கொண்டுவந்தாரு."

"நாமதான் ஒயினே குடிக்கறதில்லையே."

"பேரீச்சம்பழமும் இருக்குன்னாங்க."

"சரி, அதாவது பரவாயில்லை."

அடுத்த வாரம் ஓர் இஸ்ரேல் ஆதரவுச் சங்கத்தின் செய்திமடலில் பசுபதியின் படம் வந்தது: "துணிச்சலான இந்திய அமெரிக்கக் குரல்." பிறகு ஒரு விருது, ஒரு விருந்து, இன்னொரு விருந்து. துணிச்சல் என்று தன்னைப் பற்றி அதுவரை யாரும் சொன்னதில்லை என்பதால் பசுபதிக்கு அது பிடித்திருந்தது. தவறாக ஏதும் பேசிவிடக் கூடாதே என்று புத்தகங்கள் வாங்கிப் படித்தார், அடிக்கோடிட்டார். படித்ததைப் பேசினார். பேசிப் பேசி நம்பினார். நம்பிவிட்டுப் பேசுகிறவர்கள் அவ்வப்போது தயங்குவார்கள். பேசிவிட்டு நம்புகிறவர்களிடம் அந்தத் தொல்லை கிடையாது.

2023 பிப்ரவரியில் அந்தச் சங்கத்தார் எட்டு நாள் இஸ்ரேல் பயணம் அழைத்துப் போனார்கள். டேவின் தங்கை வசிக்கும் குன்றில், குடியேற்றத்தின் தலைவருக்குப் பசுபதி பொன்னாடை போர்த்தினார். பெட்டியில் எதற்கும் இருக்கட்டும் என்று நான்கு கொண்டுபோயிருந்தார். சரிகைச் சால்வையும் தாடியும் துப்பாக்கியுமாகத் தலைவர் திகைத்து நிற்க, பக்கத்தில் கைகூப்பி நிற்கும் பசுபதி. அந்தப் படம்தான் பிறகு எல்லாச் சுவரொட்டியிலும் வந்தது. பின்னணியில் ஒரு சரிவு, சில ஒலிவ மரங்கள், தாழ்வாகச் சில வீடுகள்.

"கீழே தெரிவது எந்த ஊர்?" என்று பசுபதி கேட்டாராம். வழிகாட்டி ஒரு பெயர் சொன்னாராம். அதற்குள் பஸ் திரும்பிவிட்டது.

அந்த ஆண்டு அக்டோபரில் அங்கே தாக்குதலும் போருமாக நடந்தவற்றை இங்கே சொல்லத் தேவையில்லை. அதற்கு முன் ஃபாக்ஸ்ரிட்ஜில் இந்த விஷயம் ஒருவகை வேடிக்கையாக இருந்தது. அதற்குப் பின் அப்படி இல்லை. டேவின் தங்கை மகனைப் படைக்கு அழைத்துக்கொண்டார்கள். டேவ் கூட்டங்களில் மேசைக்கடியில் போனைப் பார்த்தபடியே இருந்தார். அவரிடம் என்ன சொல்வதென்று பசுபதிக்குத் தெரியவில்லை. ஊரில் மருந்துக்கடை வைத்திருந்த ஹனான் என்ற பெண்மணியிடம் என்ன சொல்வதென்றும் தெரியவில்லை. அவருடைய உறவினர்கள் மேற்குக் கரையில், பாலஸ்தீனியர் பக்கம் இருந்தார்கள். பசுபதியின் இரண்டு பிரஷர் மாத்திரைகள் ஒன்றுக்கொன்று ஆகாது என்று டாக்டருக்கு முன்பே கண்டுபிடித்துச் சொன்னவர் அவர். பசுபதி மாத்திரை வாங்குவதை வேறு கடைக்கு மாற்றிக்கொண்டார். அதைவிடக் கோழைத்தனமாகவும் அதைவிட மரியாதையாகவும் அவருக்கு வேறு வழி தோன்றவில்லை.

2024 ஜனவரியில், கமிட்டியின் வழக்கப்படி, அவருடைய முறை வந்து மேயரானார். மாநில அசெம்பிளிக்கு நிறுத்தலாம் என்று பேச்சு எழுந்தது. மே மாதம் அந்தச் சங்கத்தார் ஐசலினில் ஒரு ஹோட்டல் கூடத்தில் முந்நூறு பேர் முன்னால் அவரைப் பேச அழைத்தார்கள். எழுதிவைத்த தாளைக் கண்ணாடி இல்லாமல் படிக்க முடியவில்லை. கண்ணாடி காரில். ஆகவே மனத்திலிருந்து பேசினார். மனத்தில் என்ன இருந்ததோ அதுதான் வந்தது.

"கல்லும் முள்ளுமாகக் கிடந்த குன்று," என்று ஆங்கிலத்தில் தொடங்கினார். "அதைத் தன் கையால் திருத்தினான் ஒரு மனிதன். தண்ணீர் இல்லாத இடத்தில் தண்ணீர் கண்டான். மரம் வைத்தான். மக்களைப் பெற்றான். விளக்கேற்றினான். எங்கோ ஒரு பெட்டியில் காகிதம் வைத்திருப்பவர் வந்து அவனிடம், இது உன்னுடையது இல்லை என்கிறார். அவருக்கு இந்த மண்ணின் நிறம் தெரியுமா?"

கூடம் எழுந்து நின்று கைதட்டியது. டேவ் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மூன்றாவது வரிசையில் பட்டுப்புடவையில் உட்கார்ந்திருந்த சாரதா மட்டும் எழவில்லை. அவரும் அந்த எதிருரையைப் படித்தவர்.

கார் ஹைவே ஏறியபிறகு சாரதா சொன்னார்: "ஏழாவது பாரா."

"என்னது?"

"செல்வராஜோட ஏழாவது பாராங்க. முழுசா ஒப்பிச்சீங்க. ஒரு கமா விடலை."

பசுபதி வண்டியை ஓரம்கட்டி நிறுத்தினார். உண்மையிலேயே அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

கோபிக்கு அந்த வீடியோ போக இரண்டு நாள் ஆனது. உள்ளூர் சேனல் ஒன்று தமிழில் எழுத்துப் போட்டு, "அமெரிக்காவை அதிரவைத்த நம்ம ஊர்க்காரர்" என்று தலைப்பும் வைத்தது. மூன்றாம் நாள் காலை, பசுபதி ஓட்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது வீடியோ கால். செல்வராஜ்.

"அண்ணா, வணக்கமுங்க. தொந்தரவு பண்ணலீங்களே?"

"சொல்லுங்க."

"உங்க பேச்சைப் பாத்தனுங்க. என்ற பொண்டாட்டி அழுதுட்டாளுங்க. கேஸ் போட்டவரு மனசுல இத்தனை ஈரமான்னு கேக்கறா."

"அது வேற விஷயங்க செல்வராஜ். அது இஸ்ரேல் பத்தி."

"எந்த ஊரா இருந்தா என்னங்ணா? குடியிருக்கறவன் கஷ்டம் குடியிருக்கறவனுக்குத்தான தெரியும். எங்க வக்கீலு எழுதுனதைவிட நீங்க சொன்னதுதான் எடுப்பா இருந்துது. கையை நீட்டி நீட்டிப் பேசுனீங்க பாருங்க!"

அடுப்படியில் சாரதா பாத்திரத்தைச் சற்று அழுத்தமாக வைத்தார்.

நான்காம் நாள் கோபி வக்கீல் ஸ்ரீநிவாசன் கூப்பிட்டார். "சார், உங்க வீடியோவைப் பென்டிரைவ்ல போட்டு எக்ஸிபிட்டா, சாட்சியமா சேர்க்கணும்னு மனு குடுத்திருக்காங்க. நம்ம சாட்சியே அவங்க பக்கம்தான்னு சொல்றாங்க."

"அதெப்படிங்க சொல்ல முடியும்? சம்பந்தமே இல்லையே."

"நானும் அதேதான் சொன்னேன். ஜட்ஜம்மா சிரிச்சுட்டாங்க. ஜட்ஜு கோபப்பட்டாக்கூடச் சமாளிச்சுக்கலாம் சார். சிரிச்சா கஷ்டம்." பிறகு குரலை இறக்கினார். "அதோட, செல்வராஜ் மேல ஒரு மாடி எழுப்பப் போறான். அதுக்குத் தடை கேட்டு நான் போட்டிருக்கேன். மாடி ஏறிடுச்சுன்னா அப்புறம் அவனை எறக்க முடியாது. நீங்க ஒரு அபிடவிட் குடுங்க. வீடு கட்டிக் குடியிருக்கறதனால மட்டும் ஒருத்தனுக்கு அந்த இடம் சொந்தமாகாதுன்னு ஒரே ஒரு வரி. மத்ததை நான் பாத்துக்கறேன்."

ஒரே ஒரு வரி. சாரதா கேட்டது அவ்வளவுதான். அதற்கு ஒரு வருடம் பிடித்தது. கோர்ட் தள்ளிவைத்தது, பசுபதியும் தள்ளிவைத்தார்.

இடையில் அக்டோபரில் ஒரு டவுன்ஷிப் கூட்டம். பொதுமக்கள் பேசும் நேரம். ஆளுக்கு மூன்று நிமிடம். மேயர் முன்னால் ஒரு கடிகாரம் இருக்கும், நேரம் முடிந்தால் மணி அடிக்கும், மேயர் "உங்கள் கருத்துக்கு நன்றி" என்று சொல்ல வேண்டும். கேள்விகளுக்குப் பதில் சொல்லக் கூடாது என்பது டவுன்ஷிப் வக்கீலின் கண்டிப்பான அறிவுரை.

ஹனான் எழுந்து வந்தார். கையில் பசுபதியின் படம்: பொன்னாடைப் படம்.

"மேயர் அவர்களே, இதில் உங்களுக்குப் பின்னால் தெரியும் சரிவு என் அத்தையுடையது," என்றார். குரல் உயரவில்லை. கடையில் மாத்திரையை எப்போது சாப்பிட வேண்டும் என்று சொல்லும் அதே குரல். "பத்திரம் அவரிடம் இருக்கிறது. இரும்புப் பெட்டியில் வைத்திருக்கிறார். காகிதம் போதாது என்கிறார்கள். மூன்று வருடமாக ஒலிவக்காய் பறிக்கப் போக முடியவில்லை. நான் அரசியல் பேச வரவில்லை. உங்களிடம் ஒன்றே ஒன்று கேட்க வேண்டும். உங்கள் குடும்பத்து நிலத்தில் யாரோ வந்து வீடு கட்டிக்கொண்டு, மரம் வைத்துவிட்டேன், பிள்ளை பெற்றுவிட்டேன், இது என்னுடையது என்று சொன்னால் நீங்கள் என்ன செய்வீர்கள்?"

கேட்டுவிட்டு அங்கேயே நின்றார். கடிகாரத்தில் இன்னும் ஐம்பது நொடி இருந்தது.

பசுபதிக்குப் பதில் தெரியும். வழக்கு எண் உட்படத் தெரியும். இடப்பக்கம் டேவ் போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவரைப் பார்த்தார். வலப்பக்கம் டவுன்ஷிப் வக்கீல், வேண்டாம் என்று தலையை மெல்ல ஆட்டினார். வீட்டில் சாரதா லைவில் பார்த்துக்கொண்டிருந்தார். கணவர் வாயைத் திறந்ததையும் மூடியதையும் இரண்டு தடவை பார்த்ததாகப் பிற்பாடு சொன்னார். ஐம்பது நொடி யாரும் பேசவில்லை. வழக்கமாக அமைதி விழுந்தால் முதலில் உடைப்பவர் அவர்தான். அன்று மணிதான் உடைத்தது.

"உங்கள் கருத்துக்கு நன்றி," என்றார் மேயர்.

ஹனான் படத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு போனார்.

அபிடவிட்டுக்கான கடைசித் தேதி 2025 ஏப்ரலில் வந்தது. அதற்குள் பசுபதி அசெம்பிளி வேட்பாளர், ஜூனில் பிரைமரி என்கிற உட்கட்சித் தேர்தல். பிரசாரத்தை நடத்தியவர் விஷாகா. எடிசனில் பிறந்து வளர்ந்த, முப்பது வயது நிரம்பாத, எந்த வாக்கியத்திலும் ஆபத்தை மோப்பம் பிடிக்கிற பெண். ஸ்ரீநிவாசன் அனுப்பிய வரைவைச் சாப்பாட்டு மேசையில் வைத்து பசுபதி அவருக்கு மொழிபெயர்த்துச் சொன்னார். எதற்கு அவரிடம் சொல்ல வேண்டும் என்று சாரதா கேட்டதற்கு, "சொல்லாம செஞ்சா நல்லா இருக்காது" என்றிருந்தார்.

"அங்கிள், நோ வே," என்றார் விஷாகா. "இந்த ஒரு லைன் போதும், வீ ஆர் டன். யாராவது கோர்ட் ரெக்கார்ட் எடுத்து ட்ரான்ஸ்லேட் பண்ணிப் போட்டா? டோனர்ஸ் என்ன கேப்பாங்க? அந்தப் பக்கம் என்ன கேப்பாங்க?"

"உண்மையத்தானே கேப்பாங்க," என்றார் சாரதா, சப்பாத்தியைப் புரட்டிக்கொண்டே.

"ஆன்ட்டி, ஐ ஃபீல் யூ. பட் கொஞ்சம் பேலன்ஸ்டா எழுதலாமே. லைக், எவ்ரி சிச்சுவேஷன் இஸ் யுனீக்?"

"எம் மனையில ஒருத்தன் உக்காந்திருக்கான் கண்ணு. இதுல என்ன யுனீக்?"

விஷாகாவுக்கு நிஜமாகவே வருத்தமாக இருந்தது. ஆனாலும் திருத்தினார். பசுபதி சாரதாவிடம், "கையெழுத்துப் போட்டுத்தான் குடுக்கறேன் சாரதா, வார்த்தையத்தான் லேசா மாத்தறோம்" என்றார். வரைவு கோபிக்கும் ஃபாக்ஸ்ரிட்ஜுக்குமாக நாலு தடவை போய் வந்தது. கடைசியில் நோட்டரி முன் பசுபதி கையெழுத்திட்ட வரி இது: "ஒவ்வோர் இடத்தின் சூழலும் தனித்தன்மை கொண்டது என்றும், குடியிருப்போர் உணர்வுகளையும் ஆவணம் வைத்திருப்போர் உணர்வுகளையும் சமமாக மதிக்கிறேன் என்றும் இதன்மூலம் உறுதி கூறுகிறேன்."

ஸ்ரீநிவாசன் அதைத் தாக்கல் செய்யாமலே விட்டுவிடப் பார்த்தார். வாதி தரப்பு சாட்சி அபிடவிட் எங்கே என்று எதிர்த்தரப்பே கேட்டு வாங்கிப் படித்தது. குடியிருப்போர் உணர்வை வாதி தரப்பே மதிக்கும்போது தடை எதற்கு என்று செல்வராஜின் வக்கீல் கேட்டார். மாடி கட்டத் தடை கோரிய மனு தள்ளுபடியானது. மூல வழக்கு மட்டும் நிலுவையில் இருக்கிறது, அது இருக்கும்.

ஜூனில் பசுபதி பிரைமரியில் ஜெயித்தார். நவம்பரில் தேர்தலிலும் ஜெயித்தார். கரட்டடியில் மாடிக்குத் தளம் போட்ட அன்று செல்வராஜ் வாட்ஸப்பில் வாழ்த்துச் சொல்லி, தளத்தின் படத்தையும் சேர்த்தே அனுப்பியிருந்தார்.

டிசம்பரில் சாரதா டேகேர் வேலையை விட்டார். அக்கா மகள் கல்யாணம் என்று கோபிக்குப் போனார். கல்யாணம் முடிந்தது, வரவில்லை. ஜனவரியில் மாநிலத் தலைநகர் ட்ரென்டனில் பதவிப் பிரமாணம், அதற்கும் வரவில்லை. அன்று காலை ஏழரை மணிக்குப் பசுபதி கண்ணாடி முன் டை கட்டிக்கொண்டிருந்தபோது வீடியோவில் வந்தார். பின்னால் புதுச் சுண்ணாம்பு அடித்த சுவர்.

"எங்க இருக்கே? அக்கா வீடு மாதிரி தெரியலையே."

"நம்ம மனையிலதானுங்க. மேல் மாடி. வாடகைக்கு விடறோம்னாங்க. நல்ல காத்து."

பசுபதியின் கை டையிலேயே நின்றுவிட்டது. "சாரதா, பத்திரம் எதிலயும் கையெழுத்து மட்டும் போட்டுடாதே. வாடகைக்குன்னு போட்டா, அவர்தான் ஓனர்னு நீயே ஒத்துக்கிட்டதா ஆயிரும். கேஸே போச்சு. ஸ்ரீநிவாசன்கிட்ட ஒரு வார்த்தை கேளு."

"கேட்டனுங்க. தலையில கையை வெச்சுக்கிட்டாரு. காலையிலயே போட்டாச்சு."

"ஏம்மா இப்படிப் பண்ணே?"

"நீங்க போட்டீங்களே ஒரு கையெழுத்து, அதை நான் ஏன்னு கேட்டனா?" கோபமில்லாமல்தான் சொன்னார். "எனக்கு அடுத்த மாசம் அறுபது. அந்தக் கேஸு முடியறதுக்குள்ள நான் முடிஞ்சிருவேன். இங்க இருக்கணும்னு ஆசைப்பட்டேன், இருக்கேன். ஒரே குறை, கிழக்கால ஜன்னல் வெக்காம விட்டுட்டாங்க. இடிக்கட்டுமான்னு கேட்டேன். ஹவுஸ் ஓனர் யோசிச்சுச் சொல்றேன்னிருக்காரு."

வெளியே விஷாகாவின் கார் ஹாரன் அடித்தது. போனுக்குள் சாரதாவின் தோளுக்குப் பின்னாலிருந்து ஒரு முகம் எட்டிப் பார்த்தது. செல்வராஜ். தலை நரைத்திருந்தது, கையில் காபி டம்ளர்.

"அண்ணா, வாழ்த்துக்களுங்க! ஒண்ணும் கவலைப்படாதீங்க. அக்காவை நாங்க பாத்துக்கறோம். நம்மூட்டு ஆளு மாதிரி."

பசுபதி சொல்ல வேண்டியவை நிறைய இருந்தன. பத்திரத் தேதி, சர்வே எண், 2009, செங்கல், இரண்டு மாதம். எதிரே ஒரு மனிதர் மரியாதையாக வாழ்த்துச் சொல்லிவிட்டுப் பதிலுக்காகச் சிரித்தபடி நின்றுகொண்டிருந்தார்.

"ரொம்ப நன்றிங்க செல்வராஜ்," என்றார் பசுபதி.

"கரண்ட் போயிரும்போல இருக்குங்க, வெக்கறேன்," என்று சாரதா போனை அணைத்தார்.